பழைய வீடுகளுக்கு ஏற்ற விளக்குகள்: பெங்களூர் ஸ்ரீராம்புரத்தை முன்வைத்துச் சில குறிப்புகள்

மைசூர் சமஸ்தானத்தின் திவானாக 1883 முதல் 1901 வரை பணியாற்றிய சர் கே. சேஷாத்திரி ஐயர் காலத்தில் காவிரி மின்சாரத் திட்டம் உருவாயிற்று. அவர் மறைந்ததற்கு மறு ஆண்டில், 1902 ஜூன் 30-ஆம் நாள், சிவசமுத்திரத்தில் உற்பத்தியான மின்சாரம் ஏறத்தாழ 147 கிலோமீட்டர் தொலைவிலுள்ள கோலார் தங்கச் சுரங்கங்களை எட்டியது. 1905 ஆகஸ்டு 5-ஆம் நாள் பெங்களூர் வீதிகளிலும் மின் விளக்குகள் எரிந்தன. திவானின் பெயரைத் தாங்கிய சேஷாத்திரிபுரத்துக்கும் ராஜாஜி நகருக்கும் இடையே அமைந்துள்ளது, தமிழ் மக்கள் பல தலைமுறைகளாக நெருங்கி வாழ்ந்து வரும் ஸ்ரீராம்புரம். 2014-ஆம் ஆண்டு முதல் இப்பகுதியின் பெயரிலேயே மெட்ரோ ரெயில் நிலையம் ஒன்றும் இயங்கி வருகிறது.

மின்சாரம் இந்நகருக்கு வந்து ஒரு நூற்றாண்டு கடந்துவிட்டது. எனினும், இத்தகைய பகுதிகளிலுள்ள பழைய வீடுகள் பலவற்றில் நடுப்பகலிலும் விளக்கேற்றாமல் எழுத்துக்களைப் படிக்க இயலுவதில்லை. அடுத்தடுத்து ஒட்டிக் கட்டப்பட்ட சுவர்கள், குறுகிய சந்துகள், ஒரே ஜன்னல் அல்லது ஜன்னலே இல்லாத உள்ளறை, புகை படிந்த சமையற்கட்டு, ஓட்டுக் கூரை, சிவப்பு ஆக்சைடு பூசிய தரை ஆகியவை இவ்வீடுகளின் பொதுவான அமைப்பு. கன்னடத்தில் 'வட்டார' என வழங்கும் வரிசைக் குடியிருப்புகளில் ஒரே அறை கூடமாகவும், படிக்கும் இடமாகவும், படுக்கையறையாகவும் பயன்படுவதுண்டு. பள்ளிப் பிள்ளை பாடம் எழுதுவதும், தாய் தையல் வேலை பார்ப்பதும், பாட்டனார் மருந்துச் சீட்டைப் படிப்பதும் அதே அறையில்தான். ஆகவே, இங்கு விளக்குத் தேர்வு என்பது அலங்காரம் பற்றியதன்று. கண் நலம், கல்வி, விபத்துத் தடுப்பு ஆகிய மூன்றையும் தழுவியதாகும்.

விளக்கு என்றதும் எத்தனை வாட், எந்தக் கம்பெனி என்றே பலரும் கேட்கின்றனர். உண்மையில் இக்கேள்வி கடைசியில் கேட்கப்பட வேண்டியது. அதற்கு முன்னர் கவனிக்க வேண்டியவற்றை வரிசையாகக் காண்போம்.

வெளிச்சத்தை அளக்கும் முறை

விளக்கிலிருந்து எல்லாத் திசைகளிலும் வெளிப்படும் ஒளியின் மொத்த அளவு லூமென் என்ற அலகினால் குறிக்கப்படுகிறது. ஒரு சதுர மீட்டர் பரப்பின் மீது ஒரு லூமென் ஒளி விழுமாயின், அங்குள்ள வெளிச்சம் ஒரு லக்ஸ் எனப்படும். கிணற்றிலிருந்து இறைக்கும் நீரை லூமெனுக்கு ஒப்பிட்டால், பாத்தியில் நிற்கும் நீரின் ஆழத்தை லக்ஸுக்கு ஒப்பிடலாம். நிறைய இறைத்தாலும் நீர் பாத்திக்கு வந்து சேராவிடில் பயிருக்குப் பயனில்லை.

நண்பகல் வெயிலில் ஏறத்தாழ 1,00,000 லக்ஸ் வெளிச்சம் இருக்கும். முழு நிலவின் வெளிச்சம் கால் லக்ஸ் அளவே ஆகும். இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட பரந்த எல்லைக்குள் நம் கண் தன்னை இசைவித்துக் கொள்வதால், வெளிச்சம் போதவில்லை என்பதை நாம் உடனே உணர்வதில்லை. தலைவலியும் கண் சோர்வும் தோன்றிய பின்னரே உணர்கிறோம்.

வீடுகளில் எவ்வேலைக்கு எவ்வளவு வெளிச்சம் தேவை என்பதை நமது தேசியக் கட்டட விதித்தொகுப்பு வரையறுத்திருந்தது. படுக்கையறையில் பொது வெளிச்சம் 50 லக்ஸ், குளியலறை, மாடிப்படி ஆகியவற்றில் 100, சாதாரணமாகப் படிக்க 150, சமையலறையில் 200, வீட்டுப்பாடம் எழுதவும் நெடுநேரம் படிக்கவும் 300, தையலுக்கு 700. ஒரே வீட்டுக்குள் தேவை பதினான்கு மடங்கு வேறுபடுகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். அறை முழுவதையும் 700 லக்ஸ் வெளிச்சத்தில் ஆழ்த்துவது வீண் செலவு. தையல் இயந்திரத்தின் ஊசி முனையில் அவ்வளவு வெளிச்சம் விழுந்தால் போதும்.

வயதும் இங்கு முக்கியமானது. இருபது வயதுடையவரின் விழித்திரையை அடையும் ஒளியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கே அறுபது வயதுடையவரின் விழித்திரையை அடைகிறது. கண்மணி சுருங்குவதும் விழி வில்லை மஞ்சளாவதும் இதற்குக் காரணங்கள். முதியோர் 'வெளிச்சம் பற்றவில்லை' என்று சொல்லும்போது அதைப் புறக்கணித்தல் தகாது.

முதலில் பகல் வெளிச்சம்

செலவில்லாத விளக்கு வானமே. அறைக்குள் வரும் பகல் வெளிச்சத்தைக் கணிக்க, வெளியே திறந்த வெளியில் 8,000 லக்ஸ் இருப்பதாக நம் நாட்டுத் தரங்கள் வைத்துக் கொள்கின்றன. காலையிலும் மாலையிலும் சூரியன் தாழ்ந்திருக்கும்போது தெளிந்த வானம் தரும் வெளிச்சம் இது. இதில் ஒரு சதவிகிதம், அதாவது 80 லக்ஸ், அறைக்குள் ஓரிடத்தில் விழுமாயின் அவ்விடத்தின் பகலொளிக் கூறு ஒன்று எனப்படும். சமையலறைக்கு 2.5, படிக்கும் அறைக்கு 1.9, கூடத்துக்கு 0.625 என்பவை சிபாரிசு செய்யப்பட்ட அளவுகள்.

கருவி ஏதுமின்றி இதைச் சோதிக்க எளிய வழி ஒன்று உண்டு. பிள்ளை பாடம் எழுதும் இடத்தில் அமர்ந்து, மேசை மட்டத்தில் கண்ணை வைத்து ஜன்னலை நோக்குக. வானத்தின் ஒரு பகுதியேனும் தெரிகிறதா? தெரிந்தால் அங்குப் பகலொளி வருகிறது எனலாம். எதிர்வீட்டுச் சுவர் மட்டும் தெரிந்தால், ஜன்னல் எவ்வளவு பெரிதாயினும் அவ்விடத்தில் பகல் வெளிச்சம் சொற்பமே. இரண்டடி தள்ளி வானம் தெரியுமாயின் மேசையை அங்கே நகர்த்துவதே தக்க பரிகாரம். குறுகிய சந்துகளில் எதிர்ச்சுவரை அதன் சொந்தக்காரர் வெள்ளையடித்தாலும் நம் அறை வெளிச்சம் பெறும் என்பது சுவையான உண்மை.

ஓட்டுக் கூரையுள்ள வீடுகளில் ஒன்றிரண்டு ஓடுகளை எடுத்துவிட்டுக் கண்ணாடி ஓடு பதிப்பது நம் பெரியோர் கண்ட வழி. கிடைமட்டமாக வானத்தை நோக்கும் திறப்பு, சந்தை நோக்கும் அதே பரப்புள்ள ஜன்னலைவிட மிகுதியான ஒளியைத் தரும். ஆயின், பெங்களூர் 13 பாகை வட அட்சரேகையில் இருப்பதால் ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்டு மூன்றாம் வாரத்திலும் நண்பகலில் சூரியன் நேர் உச்சிக்கு வருகிறது. எனவே கண்ணாடி ஓட்டைப் படுக்கும் இடத்துக்கும் படிக்கும் இடத்துக்கும் நேர் மேலே பதிக்காமல், சுவரோரமாகப் பதித்தல் நலம். அப்போது வெயில் சுவரில் விழுந்து மென்மையாகப் பரவும். ஆண்டுக்கு இருமுறை ஓட்டின் தூசியைத் துடைக்காவிடில் பாதிப் பயன் போய்விடும்.

சுவரும் ஒரு விளக்கே

புதிதாக வெள்ளையடித்த சுவர் தன் மீது விழும் ஒளியில் ஏறத்தாழ 80 சதவிகிதத்தைத் திருப்பி அனுப்புகிறது. கரும்பச்சை, கருநீலம் போன்ற வர்ணங்கள் 10 முதல் 15 சதவிகிதமே திருப்புகின்றன. புகை படிந்த சமையலறைச் சுவரின் நிலையும் இதுவே.

இதன் விளைவை ஒரு கணக்கால் விளக்கலாம். பத்தடிக்குப் பத்தடி அறையின் பரப்பு 9.3 சதுர மீட்டர். அதில் 900 லூமென் தரும் 9 வாட் எல்.ஈ.டி. பல்பு ஒன்று எரிகிறது. இருண்ட சுவர்களாயின் பல்பின் ஒளியில் சுமார் 30 சதவிகிதமும், வெளுத்த சுவரும் கூரையுமாயின் சுமார் 50 சதவிகிதமும் மேசை மட்டத்தை அடைவதாகக் கொள்வோம். தூசியினாலும் பல்பின் முதுமையினாலும் ஐந்தில் ஒரு பங்கு குறையும். அப்படியானால் இருண்ட அறையில் கிடைப்பது ஏறத்தாழ 23 லக்ஸ். வெளுத்த அறையில் 39 லக்ஸ். பல்பு ஒன்றே, மின்சாரச் செலவும் ஒன்றே. ஒரு வாளிச் சுண்ணாம்பு, வெளிச்சத்தை ஒன்றரை மடங்குக்கு மேல் உயர்த்திவிட்டது.

வெளுத்த அறையிலும் 39 லக்ஸ் மட்டுமே என்பதை மறக்கலாகாது. படுக்கையறைத் தேவையான 50 லக்ஸுக்கே இது எட்டவில்லை. 2,000 லூமென் தரும் 20 வாட் எல்.ஈ.டி. குழல் விளக்கைப் பொருத்தினால் 86 லக்ஸ் கிடைக்கும். வீட்டுப்பாடத்துக்கு வேண்டிய 300 லக்ஸ் அப்போதும் கிடைக்காது. பின் என் செய்வது?

விளக்கின் இடம்

ஒளி ஓரிடத்திலிருந்து பரவும்போது, தூரம் இரு மடங்கானால் வெளிச்சம் நான்கில் ஒன்றாகக் குறைகிறது. அரை மீட்டர் தூரத்தில் 300 லக்ஸ் தரும் சிறு மேசை விளக்கை எடுத்துக்கொள்வோம். ஒரு மீட்டர் தூரத்தில் அது 75 லக்ஸும், ஒன்றரை மீட்டரில் 33 லக்ஸும் தரும். பத்தடி உயரக் கூரையில் மாட்டினால், மேசைக்கு அது நேரடியாகத் தருவது 15 லக்ஸ் மட்டுமே. பழைய ஓட்டு வீடுகளின் கூரை முகடு இதனினும் உயரமாக இருப்பதுண்டு. முன்னாளில் விளக்குகளை நீண்ட வயரில் தாழத் தொங்கவிட்டதன் நியாயம் இதுவே.

ஆகவே பழைய வீட்டுக்குப் பொருத்தமான ஏற்பாடு இரண்டடுக்கானது: அறை முழுவதற்கும் மிதமான பொது விளக்கு ஒன்று, வேலை நடக்கும் இடத்துக்கு அருகே சிறு விளக்கு ஒன்று. மேசை விளக்கை மட்டும் எரித்து, சுற்றிலும் இருளாக விடுவது கூடாது. ஏட்டிலிருந்து கண்ணை எடுக்கும்போதெல்லாம் இருளுக்கும் ஒளிக்கும் மாறிமாறி இசைய வேண்டியிருப்பதால் கண் விரைவில் சோர்வடையும்.

வலக்கையால் எழுதுவோருக்கு விளக்கு இடப்புறமும், இடக்கையால் எழுதுவோருக்கு வலப்புறமும் இருத்தல் வேண்டும். சமையலறையின் நடுவில் உள்ள பல்பு, சமைப்பவரின் முதுகுப்புறம் எரிந்து, அடுப்பின் மீதும் அரிவாள்மணையின் மீதும் அவருடைய நிழலையே வீழ்த்தும். அடுப்புக்கு மேலுள்ள பக்கச் சுவரில், நீராவி தாக்காத உயரத்தில், ஒரு சிறு குழல் விளக்கு அமைத்தால் இக்குறை நீங்கும். மாடிப்படியில் ஒவ்வொரு படியின் விளிம்பும் நிழலால் தனித்துத் தெரிய வேண்டும். இறங்குபவரின் கண்ணில் பல்பு நேராகப் படக்கூடாது. மேலும் கீழும் தனித்தனி சுவிட்சு இருப்பது முதியோருக்குப் பெரும் பாதுகாப்பு.

விளக்கின் வகை

பழைய இழை விளக்கு, பெறும் மின்சாரத்தில் பெரும்பகுதியை வெப்பமாக்கிவிடும். 60 வாட் இழை விளக்கு தரும் ஒளி ஏறத்தாழ 700 லூமென். 40 வாட் குழல் விளக்கு 2,400 லூமென் வரை தந்தாலும், அதன் சோக்கு மேலும் 10 வாட்டுக்கு மேல் உண்ணும். எல்.ஈ.டி. விளக்கோ ஒரு வாட்டுக்கு 100 லூமென் அளவில் தருகிறது. நீல ஒளி தரும் சிறு குறைகடத்திச் சில்லின் மீது மஞ்சள் ஒளிர்பொருளைப் பூசி, இரண்டும் கலந்த வெண்மையைப் பெறுவது இதன் தத்துவம். இந்நீல ஒளியைச் சாத்தியமாக்கிய அகாசாகி, அமானோ, நகாமுரா ஆகிய மூவருக்கும் 2014-ஆம் ஆண்டின் பௌதிக நோபல் பரிசு வழங்கப்பட்டது.

நம் நாட்டில் 2015 ஜனவரியில் தொடங்கிய உஜாலா திட்டத்தின் கீழ் 36 கோடிக்கும் மேற்பட்ட எல்.ஈ.டி. பல்புகள் வினியோகிக்கப்பட்டன. 2014-ஆம் ஆண்டு 310 ரூபாயாக இருந்த அரசுக் கொள்முதல் விலை, 2016-ஆம் ஆண்டில் 38 ரூபாயாக வீழ்ந்தது. நாளொன்றுக்கு நான்கு மணி நேரம் எரித்தால் 60 வாட் இழை விளக்கு மாதம் 7.2 யூனிட் செலவழிக்கும். 9 வாட் எல்.ஈ.டி. 1.08 யூனிட் மட்டுமே. ஆகவே ஒன்றுக்குப் பதில் இரண்டு விளக்குகளை ஏற்றினாலும் சிக்கனமே.

வாங்கும்போது வாட்டை மட்டும் பாராமல், அட்டைப்பெட்டியில் அச்சிட்டுள்ள நான்கு விவரங்களைப் பார்க்க வேண்டும்.

1. லூமென் அளவு. ஒரே வாட் உள்ள இரு பல்புகளின் லூமென் வேறுபடலாம்.

2. ஒளியின் நிறம். 2,700 கெல்வின் என்பது இழை விளக்கின் இதமான மஞ்சள். 4,000 நடுநிலை வெண்மை. 6,500 நீலம் கலந்த வெண்மை. ஓய்வுக்கும் படுக்கைக்கும் முதலாவதும், படிப்புக்கும் சமையலுக்கும் இரண்டாவதும் ஏற்றவை. 6,500 கெல்வின் விளக்கு பிரகாசமானது என்ற எண்ணம் தவறு. நிறம் வேறு, அளவு வேறு.

3. நிறங்காட்டும் திறன். இழை விளக்கின் எண் 100. வீட்டு உபயோகத்துக்கு 80-க்குக் குறையாமலும், துணியின் நிறம் பார்த்துத் தைப்போருக்கு 90-ஐ ஒட்டியும் இருத்தல் நலம். இவ்வெண் குறைந்த விளக்கில் சிவப்புத் தரை சாம்பல் படர்ந்தது போலவும், குங்குமம் கறுத்தும் தோன்றும்.

4. இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் முத்திரையும், எரிசக்திச் சிக்கன நட்சத்திரக் குறியும்.

பழைய வீடுகளில் உள்ள மூடிய கண்ணாடிக் கூண்டுகள் குறித்து ஓர் எச்சரிக்கை. எல்.ஈ.டி. பல்பின் எதிரி வெப்பம். காற்றோட்டமில்லாத கூண்டுக்குள் அதன் உள்ளுறுப்புகள் சூடேறி, ஆயுள் வெகுவாகக் குறையும். கூண்டின் அழகை விட மனமில்லையெனில் குறைந்த வாட் பல்பையே அதற்குள் இடுக. பழைய குழல் விளக்குகளில் சிறிதளவு பாதரசம் உண்டு. உடைந்தால் ஜன்னலைத் திறந்துவிட்டுக் குழந்தைகளை வெளியேற்றி, துண்டுகளைத் தடித்த அட்டையால் வாரிக் கட்டிவைக்க வேண்டும். துடைப்பத்தால் பெருக்கக் கூடாது.

மறைந்திருக்கும் அபாயம்

இக்கட்டுரையின் மிக முக்கியமான பகுதி இதுவே. மரச்சட்டத்தின் மீது ஓடும் பழைய வயர்களின் ரப்பர் உறை ஆண்டுகள் செல்லச் செல்ல வறண்டு வெடிக்கிறது. இழை விளக்கின் சூட்டில் பல்லாண்டு வெந்த ஹோல்டருக்குள் அது தொட்டால் உதிரும் நிலையில் இருக்கலாம். பழைய வயரிங்கில் விளக்குகளுக்குப் பூமி இணைப்பு இல்லாதிருப்பதும் சகஜம். அத்தகைய இடத்தில் உலோக உடல் கொண்ட அலங்கார விளக்கைப் பொருத்துவது உயிருக்கு ஆபத்தானது.

மற்றொரு குறை, சுவிட்சு மின்னோட்டம் வரும் வயரில் இல்லாமல், திரும்பும் வயரில் அமைந்திருப்பது. அப்போது சுவிட்சை அணைத்தாலும் ஹோல்டரில் 230 வோல்ட் மின்னழுத்தம் நிற்கும். இழை விளக்கு இருந்தவரையில் இது வெளியே தெரியவில்லை. எல்.ஈ.டி. பல்பைப் பொருத்திய பின், அணைத்த நிலையிலும் அது மங்கலாக மினுக்குமாயின், இக்குறை இருக்கலாம் என ஐயுறுதல் வேண்டும். சுவிட்சிலுள்ள சிறு சிவப்பு விளக்கும், நெடுந்தூரம் சேர்ந்தோடும் வயர்களும் கூட அம்மினுக்கலை உண்டாக்குவதுண்டு. எதுவாயினும், உரிமம் பெற்ற மின்பணியாளரைக் கொண்டு சோதித்தே தீர வேண்டும். பல்பை மாற்றும்போது சுவிட்சை நம்பாமல் மெயின் சுவிட்சையே அணைக்குமாறு ஒவ்வொரு வீட்டிலும் எடுத்துரைக்க வேண்டும்.

எல்.ஈ.டி. குறைந்த மின்சாரம் எடுப்பதால் பழைய வயரே போதும் என்று கருதுவாரும் உளர். அதே வயரில் சலவைப் பெட்டியும் குளிர்ப்பெட்டியும் இணைக்கப்பட்டிருக்குமானால் அக்கருத்து பிழையாகும். ஃபியூஸ் கட்டையில் தடித்த செம்புக் கம்பி சுற்றியிருப்பதைக் கண்டால் உடனே அகற்றச் செய்க. 30 மில்லி ஆம்பியர் கசிவிலேயே மின்சாரத்தைத் துண்டிக்கும் பாதுகாப்புச் சாதனம் ஒன்றைப் பொருத்துவதற்கு ஆகும் செலவு, எந்த அலங்கார விளக்கின் விலையைவிடவும் பயனுள்ளது. மண் சாந்தில் கட்டிய பழஞ்சுவர்களை வெட்டி வயர் புதைப்பதைத் தவிர்த்து, சுவரின் மேலாகப் பிளாஸ்டிக் குழாயில் வயர் ஓட்டுவது சுவருக்கும் நல்லது. பின்னர் பழுது பார்க்கவும் எளிது.

வகுப்பறையில் ஒரு சோதனை

இரண்டு பல்புகளின் ஒளியை ஒப்பிட, மாணவர்களே ஒரு கருவி செய்யலாம். வெள்ளைத் தாளின் நடுவில் ஒரு சொட்டுத் தேங்காயெண்ணெய் இட்டு, எஞ்சியதை ஒற்றியெடுத்து, தாளை ஓர் அட்டைச் சட்டத்தில் ஒட்டுக. இருட்டறையில் நீண்ட மேசையின் இரு முனைகளிலும் பல்புகளை ஒரே உயரத்தில் வைத்து, இடையே தாளை நிறுத்துக. ஒளி மிகுந்த பக்கத்திலிருந்து நோக்கினால் எண்ணெய்ப் பொட்டு கறுத்தும், ஒளி குறைந்த பக்கத்திலிருந்து நோக்கினால் வெளுத்தும் தோன்றும். தாளை முன்னும் பின்னும் நகர்த்தினால் ஓரிடத்தில் பொட்டு ஏறத்தாழ மறையும். அங்கே இருபுறமும் சம வெளிச்சம்.

அந்நிலையில் தாளுக்கு முதல் பல்பு 60 சென்டிமீட்டரும் இரண்டாவது பல்பு 90 சென்டிமீட்டரும் தொலைவில் இருப்பதாகக் கொள்வோம். தூரங்களின் வர்க்கங்கள் 3,600, 8,100. ஆகவே அத்திசையில் அவற்றின் ஒளிச்செறிவு 4-க்கு 9 என்ற விகிதத்தில் இருக்கிறது. கடையில் ஒரே வாட் என விற்கும் இரு பல்புகளை இவ்வாறு சோதித்தால், மாணவர்கள் வர்க்க விதியையும் கற்பர். பொருள் வாங்கும் விவேகத்தையும் பெறுவர்.

ஊழியர்களுக்கு

வீடு வீடாகச் செல்லும் ஊழியர்கள் பின்வரும் வரிசையை நினைவில் வைத்தல் நலம். முதலில் வயரிங்கையும் ஃபியூஸையும் பாருங்கள். இரண்டாவது, படிக்கும் இடத்திலிருந்து வானம் தெரிகிறதா எனப் பாருங்கள். மூன்றாவது, சுவரையும் கூரையையும் வெள்ளையடிக்கச் சொல்லுங்கள். நான்காவது, வேலைக்கு அருகே விளக்கைக் கொண்டுவரச் செய்யுங்கள். ஐந்தாவதாக மட்டுமே, எந்தப் பல்பு வாங்குவது என்ற பேச்சை எடுங்கள். இவ்வரிசையில் இரண்டாவதும் மூன்றாவதும் ஏழைக் குடும்பத்துக்கும் எட்டக் கூடியவை. முதலாவதோ, செலவு மிகுந்ததாயினும் ஒத்திப்போடத் தகாதது. வாடகை வீடாயின், வயரிங்கைச் சீர்செய்யும் பொறுப்பை வீட்டுச் சொந்தக்காரருக்கு எடுத்துச் சொல்ல ஊழியரே துணை நிற்பது குடியிருப்போருக்குப் பேருதவியாகும்.